பன்னிரண்டாவது பெயர்

சாகுல், எழுத்தைக் கொஞ்சம் பெரிதாகவே போட்டிருக்கிறேன். நீ தமிழை எழுத்துக் கூட்டித்தான் படிப்பாய் என்று தெரியும். இங்கிலீஷ் படித்தால் போதும் என்று உன்னை மாட்டுங்கா பள்ளிக்கூடத்தில் கொண்டுபோய்ச் சேர்த்தவன் நான். அதனால் உன் சிரமத்துக்கும் நானே பொறுப்பு. தட்டுகிற இடத்தில் நிறுத்தி நிதானமாகப் படி. ஐந்து வருஷமாகச் சொல்லாததைச் சொல்லப் போகிறேன். நீ படித்து முடிக்க எவ்வளவு நேரம் ஆனாலும் எனக்குச் சம்மதம்.

உன் உம்மா மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை பாண்டுப்புக்கு உன்னைப் பார்க்க வருகிறாள் அல்லவா, அன்று சாயங்காலம் நான் சயான் ஸ்டேஷன் படிக்கட்டின் கீழே நின்று அவளை எதிர்பார்த்துக்கொண்டிருப்பேன். இதை அவள் உன்னிடம் சொல்லியிருக்க மாட்டாள். அங்கிருந்து தாராவி வீட்டுக்கு நடந்து வருகிற நேரத்தில் உன்னைப் பற்றி அவள் வாயிலிருந்து எது விழுந்தாலும் பொறுக்கிக்கொள்வேன். ‘இருமல் விட்டுட்டு.’ ‘மீசை வச்சிருக்கான்.’ ‘அறையில தங்க இன்னொரு பையன் வந்திருக்கானாம், நல்லாச் சமைக்கானாம்.’ ஒருமுறை, ‘வாப்பா எப்படி இருக்காங்கன்னு கேட்டான்’ என்றாள். அது நீ கேட்டதுதானா, என்னைப் பார்க்கப் பாவமாக இருக்கிறதே என்று அவளாகச் சேர்த்துக்கொண்டதா என்று நான் துருவிக் கேட்கவில்லை. அந்த ஒரு வார்த்தையை வைத்துக்கொண்டு ஒரு வருஷம் ஓட்டினேன்.

போன மாதம் அவள் படியிறங்கி வரும்போதே முகம் மலர்ந்திருந்தது. முலுண்டில் தையல்கடை வைத்திருக்கும் குடும்பத்துப் பெண், பெயர் ஜொகரா, நீயே பார்த்துப் பேசி முடித்துவிட்டாய் என்றாள். எனக்கு நடுத்தெருவில் நின்று அழலாம்போல இருந்தது. சமாளித்துக்கொண்டு, தாராவியிலிருந்து யாரையெல்லாம் அழைக்கப்போகிறான் என்று கேட்டேன். யாரையும் இல்லை என்றாள். ‘செல்லையாவைக்கூடவா?’ என்று கேட்டதும் அவள் நின்றுவிட்டாள். ‘அவங்கதானே அவனைக் காட்டிக்குடுத்தவன்னு சொன்னாங்க. அது உங்களுக்கு நெசமாவே தெரியாதா?’ என்றாள். தெரியாது மகனே. அந்த நிமிஷம்வரை எனக்குத் தெரியாது. நீ அவளிடம் சத்தியம் வாங்கியிருந்தாயாம். கல்யாணச் சந்தோஷத்தில் சத்தியம் வாய்தவறிவிட்டது. அவளைக் கோபித்துக்கொள்ளாதே.

என்ன நடந்தது என்பது உனக்குத் தெரியும். ஆனால் நம் தோல் டேனரியின் கேட்டுக்கு வெளியே உட்கார்ந்திருந்தவனுக்குத் தெரிந்தது வேறு, உள்ளே நின்றவனுக்குத் தெரிந்தது வேறு. நான் என் பக்கத்தைச் சொல்கிறேன். ஜொகராவும் ஒருநாள் இதைக் கேட்பாள். அவளிடம் என்னை நல்லவனாக்கிச் சொல்ல வேண்டாம்.

பாகிஸ்தான் சண்டைக்கு முந்தின வருஷம். மழை விட்டு, தெருச்சேறு காயாத நாட்கள். நம் டேனரியில் பேச்சிமுத்து சுண்ணாம்புக் குழியின் விளிம்பில் நின்று தோலைத் தூக்கும்போது வழுக்கி விழுந்தான். சயான் ஆஸ்பத்திரிக்கு நானே கைவண்டியோடு ஓடினேன். அதை நீ பார்த்தாய். வலது கண் போய்விட்டது. அவன் கட்டுப் பிரித்துத் திரும்பி வந்ததும், இனி குழி வேலைக்கு ஆகமாட்டாய் என்று நிறுத்திவிட்டேன். இருபத்திரண்டு பேருக்கும் மேஸ்திரியாக இருந்த செல்லையா என் மேஜைக்கு எதிரில் வந்து நின்றான். ‘அண்ணாச்சி, அவன வாட்ச்மேனாவது வையுங்க. கேட்டப் பாக்கதுக்கு ஒத்தக் கண்ணு போதாதா?’ என்றான். எவ்வளவு சின்ன வேண்டுகோள், பார். சரி என்று சொல்லியிருந்தால் இந்தக் கடிதமே இல்லை. நான் என்ன சொன்னேன் தெரியுமா? ‘இன்னிக்கு ஒருத்தனுக்கு வச்சா நாளைக்கு எல்லாரும் வந்து நிப்பாவ.’ ‘நாளைக்கு எல்லாருக்கும் கண்ணு போவும்னு நெனைக்கீயளா?’ என்று கேட்டுவிட்டுச் செல்லையா வெளியே போனான். மறுநாள் காலை அவனும் பாதிப் பேரும் கேட்டுக்கு முன்னால் தார்ப்பாய் கட்டி உட்கார்ந்துவிட்டார்கள்; மீதிப் பேர் வேலைக்கே வரவில்லை.

உள்ளே ஆறு குழிகளிலும் ஆட்டுத்தோல் ஊறிக்கொண்டிருந்தது. அதற்குரிய நாளில் எடுத்துக் கழுவாவிட்டால் கூழாகிவிடும். இது உனக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. அந்த வாடையில் வளர்ந்தவன் நீ. மூன்றாம் நாள் நானே கேட்டுக்கு வெளியே போய், ‘ஆறு பேர் வந்து தோலை மட்டும் எடுத்துப் போட்டுட்டுப் போங்கப்பா’ என்று கெஞ்சினேன். ‘பேச்சிமுத்துவோட சேத்து ஏழு பேரா வாரோம்’ என்றான் செல்லையா. அப்போதும் இறங்கி வரவில்லை. கோவண்டியிலிருந்து ஒரு லாரி நிறைய ஆட்களை ஏற்றிக்கொண்டு வந்தேன். லாரி சந்தில் திரும்பியதும் தார்ப்பாய்க்குக் கீழே இருந்தவர்கள் எழுந்து வந்து சக்கரத்துக்கு முன்னால் வரிசையாக உட்கார்ந்தார்கள். இரண்டாவது வரிசையில், பேச்சிமுத்துவுக்குப் பக்கத்தில், காலேஜுக்குப் போட்டுக்கொண்டு போன அதே வெள்ளைச் சட்டையில் நீ உட்கார்ந்திருந்தாய். என்னை நேராகப் பார்த்தாய். அந்தப் பார்வையில் பகை இல்லை. ‘வாப்பா, நீங்க சரின்னு சொல்லிருவீங்க’ என்கிற மாதிரி ஒரு நம்பிக்கைதான் இருந்தது. அதைத்தான் இத்தனை வருஷமாக என்னால் மறக்க முடியவில்லை. நான் டிரைவரிடம் லாரியைத் திருப்பச் சொன்னேன். அங்கிருந்து நேராக வக்கீல் வீட்டுக்குப் போனேன்.

மாட்டுங்கா வக்கீலை உனக்குத் தெரியும். அவர் மேல் குற்றமில்லை. அவர் தொழிலை அவர் பார்த்தார். ‘கோர்ட்ல ரெண்டு விஷயம் கேக்கலாம். கேட்டை மறிக்கப்படாதுன்னு தடை ஒண்ணு. அந்த உத்தரவை நடத்திவைக்கப் போலீஸ் பந்தோபஸ்து ஒண்ணு. ஆனா கும்பல்னு மொட்டையா எழுதிண்டு போனா ஜட்ஜ் கேக்க மாட்டார். யார் யார் மறிக்கறாளோ அவா பேர், தகப்பனார் பேர், விலாசம், மூணும் வேணும்’ என்றார். நான் ஆஜர் புத்தகத்தை எடுத்துக்கொண்டு போயிருந்தேன். ஆட்களை வேலைக்குச் சேர்க்கும்போது கடைசிப் பக்கங்களில் தகப்பன் பெயரையும் ஊரையும் குடியிருக்கிற சால் வீட்டு நம்பரையும் எழுதிவைப்பது என் வழக்கம். அது வேறு யாருக்கும் தெரியாது. லாரிக்கு முன்னால் உட்கார்ந்தவர்களை மனதில் நிறுத்தி, செல்லையாவில் ஆரம்பித்துப் பதினொரு பெயர் சொன்னேன். அவர் எழுதிக்கொண்டே, ‘பன்னெண்டு பேர்னு சொன்னேளே?’ என்று கேட்டார். நான் ஆஜர் புத்தகத்தை மூடினேன். அவருக்குப் புரிந்துவிட்டது. பேனாவைக் கீழே வைத்தார். ‘பையனா?’ என்றார். ‘அவன் சும்மா வேடிக்கை பாக்க வந்தவன்’ என்றேன். ‘நல்லதாப் போச்சு. சொந்தப் பிள்ளையே எதிர்ல உக்காந்திருக்கான்னு தெரிஞ்சா அந்தப் பக்கத்து வக்கீல் அதையே பிடிச்சுண்டுடுவார்’ என்றார்.

இந்த இடத்தில் உன்னிடம் உண்மையைச் சொல்ல வேண்டும். உன் படிப்பு கெட்டுவிடக் கூடாது, போலீஸ் காகிதத்தில் உன் பெயர் ஏறக் கூடாது என்பதற்காகத்தான் விட்டேன் என்று உம்மாவிடம் சொன்னேன். எனக்கும் அப்படியே சொல்லிக்கொண்டேன். அதில் பாதி உண்மை. மீதிப் பாதி, என் மகனே என்னைத் தப்பு என்கிறான் என்று ஜட்ஜுக்குத் தெரியக் கூடாது என்பது. மறித்தவர்கள் இவர்கள்தான், இதில் எழுதியதெல்லாம் உண்மை என்று சத்தியம் செய்து கையெழுத்துப் போட்டேன். ஐந்து வேளை தொழுகிறவன் செய்த பொய்ச்சத்தியம் அது. கோட்டைப் பகுதியில் உள்ள கோர்ட்டில் காரியம் சீக்கிரம் முடிந்தது. கேட்டிலிருந்து ஐம்பது கஜத்துக்குள் யாரும் மறிக்கக் கூடாது, போலீஸ் துணை நிற்க வேண்டும் என்று உத்தரவு வந்தது. வக்கீல் என் கையைக் குலுக்கினார். எனக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தது. அதையும் மறைக்கவில்லை.

மறுநாள் காலை போலீஸ் வண்டி வந்தது. கோர்ட் ஆள் ஒருவர் காகிதத்தை விரித்து ஒவ்வொரு பெயராக உரக்கப் படித்தார். பெயர், தகப்பன் பெயர், சால் நம்பர். செல்லையா பெயர் முதலில் வந்ததும் அவன் எழுந்து நின்றான். அதைப் பார்த்து மற்றவர்களும் அவரவர் பெயர் வரும்போது எழுந்து நின்றார்கள், பள்ளிக்கூடத்தில் ஆஜர் சொல்வதுபோல. கடைசியாகப் பேச்சிமுத்து எழுந்தான். காகிதம் மடிந்துவிட்டது. தரையில் நீ ஒருவன் உட்கார்ந்திருந்தாய். ‘மேரா நாம்?’ என்று கேட்டாய். அவர் காகிதத்தை மறுபடி பிரித்துப் பார்த்து, ‘தேரா நாம் நஹி ஹை’, உன் பெயர் இல்லை என்றார். நீ என் பக்கம் திரும்பி, ‘வாப்பா, எம் பேரு எங்க?’ என்றாய். எல்லோரும் என்னையும் உன்னையும் மாறி மாறிப் பார்த்தார்கள். அப்போதாவது நான் வாயைத் திறந்திருக்க வேண்டும். ‘வீட்டுக்குப் போ’ என்று மட்டும் சொன்னேன். போலீஸ்காரர்கள் மற்றவர்களைத் தடியால் நெட்டித் தள்ளினார்கள்; உன்னை மட்டும் இரண்டு பேர் கைத்தாங்கலாகத் தூக்கிவிட்டு, சட்டையில் ஒட்டிய சேற்றைத் தட்டிவிட்டார்கள். முதலாளி மகன் அல்லவா. எனக்கு நிம்மதியாக இருந்தது. உன் முகம் வெளுத்துப்போனதைப் பார்த்தேன். அவமானம் என்று நினைத்துக்கொண்டேன். அதற்கு மேல் யோசிக்கத் தெரியவில்லை.

கேட் திறந்தது. ஆறில் நாலு குழி கெட்டுப்போயிருந்தது. பத்து நாள் போலீஸ் காவல் நின்றது. கோவண்டி ஆட்கள் வந்தார்கள், தொழில் நடந்தது, நடக்கிறது. செல்லையாவும் மற்ற பத்துப் பேரும் திரும்பி வரவே இல்லை. கேட்டை யாரும் மறிக்கவில்லை; அதுபோலவே கேட்டுக்குள் யாரும் என்னோடு பேசவும் இல்லை. சாப்பாட்டு நேரத்தில் செல்லையா சொல்லும் கேலிப்பேச்சுக்கு உள்ளே இருந்தபடியே சிரிப்பேனே, அந்தச் சத்தம் நின்றுபோயிற்று. அந்த மாதக் கடைசியில் நீ ஒரு பையோடு பாண்டுப்புக்குப் போய்விட்டாய். காலேஜை விட்டாய். போலீஸைக் கூப்பிட்ட கோபம், ஆறினால் வருவான் என்று நினைத்தேன். முதல் வருஷம் நோன்புப் பெருநாளுக்கு உனக்குச் சட்டை எடுத்தேன். அடுத்த வருஷமும் எடுத்தேன். இப்போது உன் அளவு தெரியாது.

உம்மா விஷயத்தைச் சொன்ன மறுநாளே நான் கோவண்டிக்குப் போனேன். செல்லையா அங்கே செருப்புப் பட்டறை ஒன்றில் இருக்கிறான். தலை முழுக்க நரைத்துவிட்டது. என்னைக் கண்டதும் எழுந்திருக்கவில்லை, உட்காரவும் சொல்லவில்லை. நின்றுகொண்டே எல்லாவற்றையும் சொன்னேன். ஆஜர் புத்தகம், வக்கீல், பன்னிரண்டு பேரில் ஒருவனை விட்டது. அவன் கையிலிருந்த உளியைக் கீழே வைத்தான்.

‘எங்க அப்பன் பேரு, சால் நம்பரு எல்லாம் அந்தத் தம்பிக்குத்தான் தெரியும் அண்ணாச்சி. எங்களுக்கு ஊருக்கு மணியார்டர் பாரம் இங்கிலீஷ்ல எழுதிக்குடுத்தது அவன்தான. அவன் பேரு மட்டும் இல்லன்னதும் நாங்க வேற என்னத்த நெனைப்போம்?’

‘எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டிருக்கலாமே.’

‘ஒம்மகிட்டயா? போலீஸ் நின்னுச்சே கேட்டுல. ஐம்பது கஜத்துக்குள்ள வரக் கூடாதுன்னு கோர்ட்டு சொல்லிருக்கே.’

பிறகு அவனே சொன்னான். ‘தம்பி என் வீட்டுக்கு வந்தான், அந்த வாரத்துல. நான் இல்ல அண்ணே, நான் சொல்லலன்னு கதவுக்கு வெளிய நின்னு சொன்னான். நான் தொறக்கல. போலே, துரோகின்னு உள்ள இருந்தே சொன்னேன்.’ அவ்வளவுதான் சொன்னான். முகத்தைத் தோள் துண்டால் மூடிக்கொண்டான். நீ அன்றைக்கே வீட்டுக்கு வந்து, ‘வாப்பா, நீங்க போய் அவங்ககிட்ட உண்மையச் சொல்லுங்க’ என்று என் சட்டையைப் பிடித்து உலுக்கியிருக்கலாம். ஏன் செய்யவில்லை என்று இந்த ஒரு மாதமாக யோசிக்கிறேன். சொல்லியிருந்தாலும் அன்றைக்கிருந்த நான் போயிருக்க மாட்டேன். அது உனக்குத் தெரிந்திருக்கிறது.

அதன்பிறகு அவன் வேலை முடிந்து வரும் நேரங்களில் இருவரும் சேர்ந்து ஒவ்வொரு வீடாகப் போனோம். அவனைத் தவிர பம்பாயில் இருப்பவர்கள் ஏழு பேர். ஒருவன் என்னைத் திட்டினான், கேட்டுக்கொண்டேன். ஒருவன், ‘அஞ்சு வருஷம் கழிச்சு வந்து சொல்லுதீரே, ஒம்ம புள்ள பேரு கெட்டபெறகு’ என்றான். அதையும் கேட்டுக்கொண்டேன். ஊருக்குப் போய்விட்ட இரண்டு பேருக்குக் கடிதம் எழுதியிருக்கிறேன். பேச்சிமுத்து போன வருஷம் இறந்துவிட்டான். அவன் மனைவி செம்பூரில் இரண்டு வீட்டில் பாத்திரம் தேய்க்கிறாள். அவளிடம் சொன்னபோது அவள் அதிர்ச்சி அடையவில்லை. ‘எங்க வீட்டுக்காரர் இத நம்பவே இல்ல. அந்தப் பிள்ள எம் பக்கத்துலதான் இருந்தான், எங் கையப் பிடிச்சிக்கிட்டுத்தான் இருந்தான், அவன் செய்ய மாட்டான்னு கடைசிவரைக்கும் இவங்ககூடயெல்லாம் சண்ட போட்டாரு’ என்றாள். செல்லையா தலையைக் குனிந்துகொண்டான். சாகுல், இது உனக்குச் சேர வேண்டிய வார்த்தை. கண்ணை இழந்தவன் மட்டும் உன்னைச் சரியாகப் பார்த்திருக்கிறான்.

கல்யாணம் ஆகப்போகிறவனுக்கு வாப்பா புத்தி சொல்ல வேண்டுமே. எனக்கு யோக்கியதை இல்லை என்றாலும் ஒன்று சொல்கிறேன். ஜொகராவுக்கு நல்லது என்று நினைத்து அவளைக் கேட்காமல் எதுவும் செய்யாதே. பிரியத்தில்தானே செய்தோம் என்று அப்புறம் சமாதானம் சொல்லிக்கொள்வோம். பிரியத்துக்குள் நம் சொந்தக் காரியம் ஒன்று ஒளிந்திருந்தால் அது நம் கண்ணுக்கே தெரியாது. அவள் எங்கே உட்கார்ந்திருக்கிறாளோ, அங்கே அவளுக்கு ஒரு காரணம் இருக்கும். கைத்தாங்கலாகத் தூக்கிவிடாதே. இன்னொன்று, சண்டை வந்தால் அன்றைக்கே பேசிவிடு. வெளியாள் ஒருவர் நடுவில் நின்று வழிவிடச் சொல்லும் இடத்துக்குக் கொண்டுபோகாதே. அந்த உத்தரவு வழியைத்தான் திறந்துவிடும்.

இரண்டு வாரத்துக்கு முன் ஒரு சனிக்கிழமை நானும் செல்லையாவும் பாண்டுப்புக்கு வந்தோம். உன் கம்பெனி கேட்டுக்கு எதிரே டீக்கடை ஓரமாக நின்றோம். ஷிப்ட் விட்டதும் நீ வெளியே வந்தாய். மெலிந்திருக்கிறாய். நடை மட்டும் மாறவில்லை, வலது தோள் கொஞ்சம் முன்னால் தள்ளி. கூட வந்தவன் ஏதோ சொல்ல, தலையைப் பின்னால் சாய்த்துச் சிரித்தாய். ‘கூப்பிடும் அண்ணாச்சி’ என்று செல்லையா என்னை முழங்கையால் இடித்தான். ‘நீ கூப்பிடு’ என்றேன். இரண்டு பேரும் கூப்பிடவில்லை. நீ ரோட்டைத் தாண்டி எங்களைக் கடந்து போய்விட்டாய். அவ்வளவு பக்கத்தில். உன் சட்டையில் எண்ணெய் வாடை அடித்தது. ஐந்து வருஷத்துக்குப் பிறகு அந்தச் சிரிப்பைக் கேட்டேன். அது போதும் என்று திரும்பிவிடத்தான் நினைத்தேன். போதவில்லை. அதனால்தான் எழுதுகிறேன்.

தபாலில் போடுவதாக இருந்தேன். செல்லையா விடவில்லை. ‘காயிதத்துக்குப் பதில் எழுதாம இருந்துரலாம், ஆளுக்கு அப்படி முடியாது’ என்று சொல்லி, தானே கொண்டுவருவதாக ஏற்றுக்கொண்டான். நீ இதைப் படிக்கும்போது அவன் உன் அறையில் உட்கார்ந்திருப்பான். தன் பங்கை அவனே சொல்வான். அவன் சொல்லி முடிக்கும்வரை குறுக்கே பேசாதே. உம்மாவிடம் விலாசம் கேட்டு வாங்கிவிட்டதால் நானும் கூட வருகிறேன். ஆனால் மேலே வரவில்லை. உன் தெருமுனையில் பஸ் நிற்கும் இடத்தில் நிற்கிறேன். நீ ஜன்னலிலிருந்து ஒரு குரல் கொடுத்தால் வருவேன். குரல் வராவிட்டால், உனக்கு இன்னும் நாள் வேண்டும் என்று எடுத்துக்கொண்டு அடுத்த வண்டியில் ஏறிவிடுவேன். கல்யாணத்தன்றும் உம்மாவை அனுப்பிவிட்டு சயான் படிக்கட்டில் காத்திருப்பேன், அது எனக்குப் பழக்கம்தான். எனக்காக அவசரப்படாதே. செல்லையாவுக்கு மட்டும் ஒரு டீயும் தின்ன ஏதாவதும் கொடு. உன்னைப் பார்க்க வருகிற நாளில் அவனுக்குக் காலையிலிருந்து ஒன்றும் தொண்டையில் இறங்கியிருக்காது.